கல்யாணமாகிப் பதினாறு வருஷம் கழித்து ஒரு கல்யாணப் போட்டோ: கொடைக்கானலில் எடுக்க நினைப்பவர்களுக்கு

எங்கள் கல்யாணம் 2006 ஆவணியில் வத்தலக்குண்டில் நடந்தது. குறிஞ்சி பூத்த வருஷம். வந்த சொந்தக்காரர்களில் பாதிப்பேர் பந்தியில் சாப்பிட்ட கையோடு வேன் பிடித்துக் கொடைக்கானலுக்குப் பூப் பார்க்கக் கிளம்பிவிட்டார்கள். நாங்கள் இருவரும் மண்டபத்தின் பின்பக்கம் ஒரு வெள்ளைச் சுவர் முன்னால், போட்டோக்காரர் சொன்னபடியெல்லாம் நின்றோம். முப்பத்தாறு படம். பத்து நாள் கழித்து அவர் வந்து, ரோல் கேமராவின் பல்சக்கரத்தில் சரியாக மாட்டவில்லை, ஃபிலிம் நகரவே இல்லை என்றார். கழுவிய நெகட்டிவில் ஒரு கோடுகூட இல்லை. தாலி கட்டியது, பால் பழம், மொய் எழுதியது எல்லாம் வேறு ரோலில் இருந்ததால் தப்பித்தன.

ஆக, எங்கள் ஆல்பத்தில் நாங்கள் இருவர் மட்டும் இருக்கிற படம் ஒன்றுகூடக் கிடையாது. எல்லாப் படத்திலும் ஒரு சித்தப்பாவோ, ஒரு பரிசுப் பொட்டலமோ நடுவில் இருக்கும். ரோல் கெடாதவர்கள் வீட்டிலும் இதே கதைதான் என்பது அப்புறம் கேட்டபோது தெரிந்தது. மேடையில் வரிசை நகர வேண்டுமே, மணமக்களைத் தனியாக நிறுத்த யாருக்கு நேரம்?

வருஷம் கழித்துக் கல்யாணப் படம் எடுப்பது ஏதோ புது நாகரிகம் என்று நினைக்க வேண்டாம். என் பாட்டி காலத்தில் கல்யாணத்தன்று போட்டோக்காரர் வந்ததே இல்லை. என்றைக்கோ டவுனுக்குப் போன நாளில் ஸ்டூடியோவில் ஏறி, எழுதிய திரைக்கு முன்னால், தாத்தா நாற்காலியிலும் பாட்டி பக்கத்தில் நின்றபடியும் எடுத்துக்கொண்டதுதான் அவர்கள் கல்யாணப் படம். அந்தப் படத்தில் பாட்டி இடுப்பில் என் பெரியம்மா இருக்கிறார்.

நாங்கள் 2023 ஜனவரியில் எடுத்தோம். அதற்கப்புறம் தங்கை, பக்கத்து வீட்டுக்காரர் என்று மூன்று ஜோடிகளுக்கு வழி சொல்லி அனுப்பியிருக்கிறேன். அவர்களிடம் வாயால் சொன்னதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன்.

முதலில் வீட்டுக்காரரைச் சம்மதிக்க வைப்பது

"இந்த வயசுல மாலையும் கழுத்துமா நின்னா ஊரு சிரிக்கும்" என்றார் இவர். நான் கொடுத்த வாக்கு மூன்று. மொத்தமே இரண்டு மணி நேரம். கையைப் பிடித்து ஓடுவது, குடையைச் சுழற்றுவது, பாட்டுக்கு உதடு அசைப்பது எதுவும் கிடையாது. எடுத்த படம் எதையும் ஸ்டேட்டஸில் வைக்க மாட்டேன். மூன்றாவது வாக்கை மட்டும் நான் காப்பாற்றவில்லை.

இதை வேடிக்கைக்காகச் சொல்லவில்லை. இந்த மாதிரி போட்டோ கெட்டுப்போவதற்கு முக்கியக் காரணம், அதை இரண்டாவது கல்யாணமாக ஆக்கிவிடுவதுதான். மேக்கப்புக்கு ஒருவர், வீடியோவுக்கு ஒருவர், டிரோன், நான்கு டிரெஸ் மாற்றம் என்று போனால் பத்து மணிக்கெல்லாம் இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கப் பிடிக்காமல் நிற்பீர்கள். எத்தனை படம் வேண்டும் என்று ஒரு காகிதத்தில் எழுதுங்கள். நாங்கள் எழுதியது மூன்று: முழு உருவம் ஒன்று, மார்பளவு ஒன்று, பிள்ளைகளோடு ஒன்று. கூடுதலாகக் கிடைப்பதெல்லாம் லாபக் கணக்கு.

தேதி

மலைக்குப் போகிற தேதியை மழையும் கூட்டமும் முகூர்த்தமும் சேர்ந்து தீர்மானிக்கின்றன. கொடைக்கானலில் பெரிய மழை ஐப்பசி, கார்த்திகையில். ஏப்ரல், மே மாதங்களில் சீசன் கூட்டம். ஏரிச் சாலையில் நிற்கவே இடம் கிடைக்காது, மதியம் இடிமழையும் உண்டு. ஜனவரி முதல் மார்ச் நடுவரை வானம் தெளிவாக இருக்கும்.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. மார்கழியிலும் ஆடியிலும் கல்யாணம் இல்லை, அதனால் போட்டோகிராபர்கள் சும்மா இருப்பார்கள். கேட்ட நாள் கிடைக்கும், ரேட்டும் பேசலாம். ஆடியில் மலையில் காற்று முந்தானையைப் பிடுங்கும், சாரலும் விடாது. மிஞ்சுவது மார்கழியின் கடைசி. அதிலும் புத்தாண்டு நெரிசல் வடிந்து, பொங்கல் விடுமுறை தொடங்குவதற்கு முன்னால் ஒரு வாரம் போல இடைவெளி இருக்கிறது. நாங்கள் போனது அந்த வாரத்துச் செவ்வாய்க்கிழமை. பிள்ளைகளுக்கு ஒரு நாள் லீவு போட்டோம்.

மாமியார்தான் தடுத்தார். "மார்கழி மாசத்துல யாராவது மாலை மாத்துவாங்களாம்மா? அறுபதாங் கல்யாணத்துல போட்டுக்கலாம்ல?" போட்டோகிராபர் தம்பி பக்கத்தில் இருந்தார். "மாத்த வேணாம்மா, ஆளுக்கு ஒண்ணு அவங்களே போட்டுக்கட்டும்" என்றார். அதோடு முடிந்தது. உங்கள் வீட்டில் முடியாவிட்டால் தை பிறந்த பிறகு வார நாளாகப் பார்த்துப் போங்கள், பேரம் மட்டும் நடக்காது.

குறிஞ்சியோடு எடுக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்களும் உண்டு. பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு முறை பூப்பது. 2006-க்குப் பிறகு 2018-ல் பூத்தது, அடுத்தது 2030. எங்களுக்கு 2018 தான் குறி. சின்னவனுக்கு அந்த மாதம் அம்மை போட்டுவிட்டது. 2030-க்குக் காத்திருப்பவர்கள் பூவைப் பறித்துத் தலையில் வைத்துக்கொள்ளும் எண்ணத்தை இப்போதே விட்டுவிடுங்கள், அதற்கு அனுமதி இல்லை.

புடவை, ஜாக்கெட், வேட்டி

இதில்தான் நாள் ஆகும். இரண்டு மாதம் முன்னாலேயே முகூர்த்தப் புடவையைப் பீரோவிலிருந்து எடுத்து விரித்துவிடுங்கள். வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்தால், வருஷக்கணக்கில் ஒரே மடிப்பில் இருந்த இடங்களில் பட்டு நூல் விட்டிருப்பது தெரியும். என் புடவையில் முழங்கால் உயரத்தில் ஒரு மடிப்பு விண்டிருந்தது. கொசுவத்துக்குள் மறைகிற இடம், பிழைத்தது. முந்தானையில் விண்டிருந்தால் கட்டவே வேண்டாம், ஊக்குக் குத்திய இடத்திலிருந்து கிழிந்துகொண்டே வரும். ஜரிகை கறுத்திருந்தால் வீட்டில் எதையும் போட்டுத் தேய்க்காதீர்கள். பட்டுப் புடவைக்குப் பாலிஷ் போட்டு ரோலிங் செய்து தரும் கடைகள் எல்லா ஊரிலும் இருக்கின்றன, அவர்களிடம் கொடுங்கள்.

ஜாக்கெட் போடும் முயற்சியைத் தனியாக, கதவைச் சாத்திக்கொண்டு செய்வது நல்லது. எனக்கு முழங்கைக்கு மேல் ஏறவில்லை. பழைய டெய்லர்கள் உள்ளே ஒரு அங்குலம் போலத் துணி விட்டுத்தான் தைத்திருப்பார்கள், பிரித்துப் பெரிதாக்கலாம். ஆனால் பிரித்த இடத்தில் வெளுக்காத நிறம் பட்டையாகத் தெரியும், பழைய தையலின் ஊசித் துளைகளும் தெரியும். அக்குளில் வியர்வை பட்ட பட்டு இத்தனை வருஷத்தில் இற்றும் போயிருக்கும். எனக்கு அப்படித்தான் இருந்தது, புதிதாகத் தைத்தேன். அதற்குத் துணி எடுக்கும்போது புடவையின் உடல் நிறத்தைத் தேடாதீர்கள். சாயம் கொஞ்சம் மங்கியிருக்கும், எந்தப் புதுத் துணியோடும் ஒட்டாது. கரையின் நிறத்தில் எடுத்தால் அந்தப் பிரச்சினையே இல்லை.

ஆண்களுக்கு இதில் ஒரு தொல்லையும் கிடையாது. வேட்டி இருபது வருஷம் ஆனாலும் சரியாக இருக்கும். என்ன ஒரு அநியாயம்! சட்டை மட்டும் புதிது வேண்டும். தூய வெள்ளையைத் தவிருங்கள், மஞ்சு (மலை மூடுபனி) வந்தால் ஆளே அதற்குள் கரைந்துபோவார். சந்தன நிறமோ இளமஞ்சளோ நல்லது.

தாலியைப் பற்றித் தங்கை கேட்டாள். கல்யாணத்தன்று கழுத்தில் இருந்தது மஞ்சள் கயிறு, இப்போது இருப்பது செயின். படத்துக்காகப் பழையபடி கயிற்றில் கோக்க வேண்டுமா என்று. வேண்டாம். நாங்கள் எடுக்கப்போவது அன்றைய நாளின் நகல் கிடையாதே.

முடிச்சாயமும் அப்படித்தான். நரை நரையாகவே இருக்கட்டும் என்பது என் கட்சி. போட்டுத்தான் ஆக வேண்டும் என்றால் நான்கைந்து நாள் முன்னாலேயே போட்டுவிடுங்கள். முதல் நாள் ராத்திரி போட்டால் நெற்றி ஓரத்திலும் மீசைக்குக் கீழேயும் கறை இருக்கும், மார்பளவுப் படத்தில் அதுதான் முதலில் கண்ணில் படும்.

ஒரு வாரம் முன்னால் எல்லாவற்றையும் ஒரு தடவை முழுதாகக் கட்டிப் பாருங்கள். உட்காருங்கள், கையைத் தூக்குங்கள், மாடிப்படி ஏறுங்கள். உள்ளே தெர்மல் போடுவதாக இருந்தால் அதையும் போட்டுப் பாருங்கள்.

போட்டோகிராபரிடம் கேட்க வேண்டியது

பெரிய பெயர் தேவையில்லை. அவர் எடுத்த மணமக்கள் படத்தைப் பார்க்காதீர்கள், இருபத்தைந்து வயதில் எல்லாரும் அழகுதான். மணமக்களின் அப்பா அம்மாவை அவர் எப்படி எடுத்திருக்கிறார் என்று கேட்டு வாங்கிப் பாருங்கள். அதில் கண்ணோரச் சுருக்கம் இருக்கிறதா, தோல் தோலாகத் தெரிகிறதா என்று கவனியுங்கள். மெழுகுப் பொம்மை மாதிரி வழித்துவிட்டிருந்தால் அடுத்த ஆளைத் தேடுங்கள்.

வாட்ஸ்அப்பில் எழுத்தாகப் பேசி வைத்துக்கொள்ள வேண்டியவை: எத்தனை மணி நேரம், எத்தனை படத்தைத் திருத்தித் தருவார், முழு அளவுக் கோப்புகள் கைக்கு வருமா, போக்குவரத்தும் தங்குமிடமும் யார் செலவு, மழை கொட்டினால் வேறு நாள் தருவாரா. கடைசிக் கேள்வி மலைக்கு ரொம்ப முக்கியம். நாங்கள் முதலில் அட்வான்ஸ் கொடுத்த ஒருவர், கலர் புகைக் குண்டு கொளுத்தி எடுக்கலாம் என்றார். காய்ந்த பைன் ஊசிகள் மெத்தைபோல் கிடக்கிற காட்டில் புகைக் குண்டு! அட்வான்ஸ் போனால் போகிறது என்று விட்டுவிட்டோம். டிரோனும் அப்படித்தான், வனத்துறை இடங்களில் அனுமதியில்லாமல் பறக்கவிட்டால் மாட்டிக்கொள்வீர்கள்.

மாலை

மலைக்குப் போய் மாலை தேடாதீர்கள், கீழேயே வாங்கிக்கொண்டு போங்கள். வத்தலக்குண்டு வழியாக வருகிறவர்களுக்குப் பக்கத்திலேயே நிலக்கோட்டைப் பூ மார்க்கெட் இருக்கிறது. மார்கழியில் பனியால் மல்லிகை வரத்துக் குறைந்து விலை ஆயிரத்தைத் தாண்டி எகிறும், அரும்பும் சின்னதாக இருக்கும். நாங்கள் தலைக்கு மட்டும் இரண்டு முழம் மல்லிகை வாங்கிக்கொண்டு மாலையைச் சம்பங்கியும் ரோஜாவுமாகக் கட்டச் சொன்னோம். மண்டபத்து மாலை மாதிரி தடிமனாக வேண்டாம் என்று கட்டுகிறவரிடம் அழுத்திச் சொல்லுங்கள். தடிமாலை தாடையை மறைக்கும், முந்தானை ஜரிகையையும் மறைக்கும். முதல் நாள் சாயங்காலம் வாங்கி, ஈரத்துணியும் வாழையிலையும் சுற்றி எடுத்துப் போனால் போதும். மேலே குளிரே ஃப்ரிட்ஜ். காலையில் அப்படியே இருந்தது.

ராத்திரி மாலையை ஜன்னலோரத்தில் வைக்காதீர்கள். குரங்கு.

மலை ஏறும் நாள்

முதல் நாள் மதியமே மேலே போய்விடுங்கள். விடிகாலையில் கீழிருந்து கிளம்பிப் பட்டுப்புடவையோடு கொண்டை ஊசி வளைவுகளில் ஏறுவது என்ன பாடு என்பதை எங்களுக்கு அப்புறம் போன பக்கத்து வீட்டு ஜோடி அனுபவித்தது. அந்த அக்கா பெருமாள்மலையில் இறங்கி வாந்தி எடுத்த கோலத்தில்தான் அவர்களது முதல் படம் இருக்கிறது.

நாங்கள் போனபோது இ-பாஸ் கிடையாது. சென்னை உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் கொடைக்கானலுக்கும் ஊட்டிக்கும் சொந்த வண்டியிலோ வாடகை வண்டியிலோ போகிறவர்கள் ஆன்லைனில் இ-பாஸ் எடுத்தாக வேண்டும். காசு கிடையாது. போட்டோகிராபர் தனி வண்டியில் வந்தால் அவருக்கும் தனியாக எடுக்கச் சொல்லுங்கள். 5 லிட்டருக்குக் குறைந்த பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டிலும் கூடாது, வீட்டிலிருந்து எவர்சில்வர் பாட்டிலில் எடுத்துக்கொள்ளுங்கள்.

அறை எடுக்கும்போது ஜன்னலிலிருந்து என்ன தெரிகிறது என்று கேட்பதைவிட, ஆளுயரக் கண்ணாடி இருக்கிறதா, விடிகாலை ஐந்து மணிக்குச் சுடுதண்ணீர் வருமா என்று கேளுங்கள். சட்டையையும் வேட்டியையும் ராத்திரியே அயர்ன் பண்ணிவிடுங்கள், கரண்டை நம்ப முடியாது. படுக்கும் முன் முகத்துக்கும் உதட்டுக்கும் தேங்காய் எண்ணெயோ கிரீமோ தடவுங்கள். அந்தக் குளிரில் உதடு ஒரே ராத்திரியில் வெடிக்கும், அதை எந்த லிப்ஸ்டிக்கும் மறைக்காது.

எங்கே நிற்பது

கொடைக்கானலில் பார்க்க இருபது இடம் இருக்கலாம், ஒரு காலைக்கு இரண்டு போதும்.

ஏரிக்கரைதான் எங்கள் முதல் இடம். 1863-ல் வெட்டிய ஏரி, சுற்றிவர ஐந்து கிலோமீட்டர் சாலை. சுற்றிலும் மேடு இருப்பதால் சூரியன் உதித்த பிறகும் நேர் வெயில் தண்ணீரில் விழக் கொஞ்ச நேரம் ஆகும். அந்த நேரத்தில் வெளிச்சம் எல்லாப் பக்கமும் சமமாக இருக்கும், முகத்தில் நிழல் விழாது, தண்ணீரிலிருந்து ஆவி எழும்பிக்கொண்டிருக்கும். ஜனவரியில் சூரியன் வர 6.30 தாண்டிவிடும்; ஆறேகாலுக்கு நீங்கள் அங்கே நின்றால் சரி. குதிரைகளும் சைக்கிள்களும் வருவதற்குள் முடித்துவிடலாம். காட்டு மாடு விடிகாலையில் டவுனுக்குள்ளேயே மேயும், பார்த்தால் வண்டியைவிட்டு இறங்காதீர்கள். படத்தில் நன்றாக வரும் என்று பக்கத்தில் போகவே கூடாது.

இரண்டாவது, பைன் காடு. காலைச் சாய்வு வெயில் மரங்களுக்கு நடுவே கோடு கோடாக இறங்கும். ஆனால் எல்லாருக்கும் தெரிந்த இடம், ஒன்பதரைக்கு மேல் போனால் பின்னால் நாற்பது பேர் இருப்பார்கள். தரை முழுக்கப் பைன் ஊசி, வழுக்கும். இடம் வரை ஷூ போட்டு நடந்து, நின்ற பிறகு செருப்புக்கு மாறுங்கள். பைன் காடு, தூண் பாறை எல்லாம் வனத்துறை கையில் இருக்கிற இடங்கள். திறக்கும் நேரம் என்ன, பெரிய கேமராவுக்கும் ஸ்டாண்டுக்கும் தனி அனுமதி வேண்டுமா என்று முதல் நாளே நேரில் போய்க் கேட்டுவிடுங்கள். மாலையும் கழுத்துமாக டிக்கெட் கவுண்டரில் வாதாடுவது பார்க்க நன்றாக இருக்காது.

கோக்கர்ஸ் வாக் பற்றி ஒரு வார்த்தை. 1872-ல் கோக்கர் என்ற ராணுவ அதிகாரி மலை விளிம்பில் போட்ட நடைபாதை. மத்தியானத்துக்கு மேல் கீழே சமவெளியில் சூடான காற்று சரிவில் ஏறி, குளிர்ந்து, மஞ்சாக மாறி முகத்துக்கு நேரே வந்து நிற்கும். வெயில் முதுகில், மஞ்சு எதிரில் என்று அமைந்தால் நம் நிழலே பெரிதாக மஞ்சின்மேல் விழுந்து, அதைச் சுற்றி வானவில் வளையம் தெரியும். பிராக்கன் ஸ்பெக்டர் என்று பெயர். அதைப் பார்க்கலாம் என்று இரண்டு சாயங்காலம் போய் நின்றிருக்கிறேன், கிடைக்கவில்லை. கிடைத்தாலும் அது போட்டோவில் உங்கள் முகம் இருக்காத படம்தான்.

கோயிலில் எடுக்க நினைத்தால் குறிஞ்சி ஆண்டவர் கோயில் இருக்கிறது. சந்நிதியை விட்டுவிட்டு வெளியே எடுங்கள். வானம் திறந்திருந்தால் அங்கிருந்து பழனி மலையே தெரியும். கூட்டமே வேண்டாம் என்பவர்கள் பூம்பாறைக்குப் போகலாம், படிப்படியாகப் பூண்டு வயலும் மேலே வண்ணத் தகர வீடுகளுமாகப் பின்னணி வேறு மாதிரி இருக்கும். வயலுக்குள் இறங்குவதற்கு முன் அங்கே வேலை செய்கிறவர்களிடம் கேட்டுவிட்டு இறங்குங்கள். அது அவர்கள் பிழைப்பு. தேயிலைத் தோட்டம்தான் வேண்டும் என்றால் கொடைக்கானலில் தேடாதீர்கள், குன்னூருக்கோ கோத்தகிரிக்கோ போக வேண்டும்.

நின்ற பிறகு

முதல் இருபது நிமிஷம் எல்லாருக்கும் மரக்கட்டை மாதிரிதான் இருக்கும். "அண்ணே, அக்கா பக்கம் கொஞ்சம் சாயுங்க" என்றால் இவர் கோபுரம் சாய்ந்த மாதிரி மொத்தமாகச் சாய்ந்தார். நல்ல போட்டோகிராபர் இந்த இருபது நிமிஷத்தைக் கணக்கிலேயே எடுத்துக்கொள்ள மாட்டார். எங்கள் போட்டோகிராபர் தம்பி ஒரு வேலை செய்தார். "அக்கா, அண்ணன் காலர் சரியில்லை, சரி பண்ணுங்க" என்றார். நான் காலரைத் திருப்பிவிட்டு, கூடவே எதையோ திட்டினேன், அடுப்பை அணைத்தீர்களா என்பதுபோல ஏதோ. இவர் கண்ணை இறக்கிச் சிரித்தார். பெரிதாக பிரிண்ட் போட்டது அந்தப் படத்தைத்தான். அதனால் கையைச் சும்மா வைத்திருக்காதீர்கள். முந்தானை, மாலை, மூக்குக் கண்ணாடி என்று ஏதாவது ஒன்றைச் சரிசெய்துகொண்டே இருங்கள்.

மூக்குக் கண்ணாடி என்றதும் ஞாபகம் வருகிறது. வெயிலில் தானாகக் கறுக்கும் கண்ணாடி போடுபவர்கள் சாதாரணக் கண்ணாடி ஒன்றைக் கொண்டுபோங்கள். மலையில் புற ஊதாக் கதிர் அதிகம், குளிரிலும் அந்தக் கண்ணாடி இன்னும் கூடுதலாகக் கறுக்கும். இவருக்கு ஏரிக்கரையில் மேகமூட்டத்திலேயே கூலிங் கிளாஸ் மாதிரி ஆகிவிட்டது. பழைய கண்ணாடி பையில் இருந்ததால் பிழைத்தோம். பவர் வேறாக இருந்ததால் கேமரா எங்கே என்றே தெரியாமல் நின்றார், அது வேறு விஷயம்.

பிள்ளைகளைக் கூட்டிப் போவதா வேண்டாமா என்று யோசிப்பவர்களுக்கு: கூட்டிப் போங்கள், வேலை கொடுங்கள். பெரியவள் தெர்மாகோல் அட்டையைப் பிடித்து எங்கள் முகத்துக்கு வெளிச்சம் திருப்பினாள். சின்னவனுக்கு ஸ்வெட்டரும் செருப்பும் காக்கும் பொறுப்பு. படங்களுக்கு நடுவில் ஸ்வெட்டரைப் போட்டுக்கொள்ளுங்கள். நடுங்கினால் தோள் காதுவரை ஏறிவிடும், எவ்வளவு சிரித்தாலும் அது படத்தில் தெரியும்.

போனில் எடுப்பவர்களுக்கும் கேமரா வைத்திருப்பவர்களுக்கும்

காசு செலவழிக்காமல் மைத்துனரையோ மகளையோ எடுக்கச் சொல்வதிலும் தப்பில்லை. பக்கத்தில் வந்து எடுக்கக் கூடாது, மூக்கு பெரிதாகத் தெரியும். தள்ளி நின்று, போனில் இரண்டு மடங்கு அல்லது மூன்று மடங்கு லென்ஸைத் தட்டி எடுக்கட்டும். முழு உருவத்துக்குப் போனை இடுப்பு உயரத்தில் பிடிக்க வேண்டும். முகத்து உயரத்திலிருந்து எடுத்தால் கால் குட்டையாகிவிடும். பின்னணியை மங்கலாக்கும் மோடு மல்லிகைச் சரத்தையும் முடியையும் சேர்த்துத் தின்றுவிடுகிறது, எனக்குப் பிடிக்கவில்லை.

கேமராவில் மார்பளவுக்கு 85 மி.மீ லென்ஸ் நல்லது, முழு உருவத்துக்கு 50 போதும். ஃப்ளாஷை நேராக அடித்தால் ஜரிகை வெள்ளைத் திட்டாக வெடித்துவிடும். மஞ்சில் கேமரா ஏமாறும். சுற்றிலும் வெள்ளையாக இருப்பதால் வெளிச்சம் அதிகம் என்று நினைத்துக்கொண்டு படத்தை இருட்டாக்கிவிடும், முகம் சாம்பல் பூத்த மாதிரி வரும். எக்ஸ்போஷரை ஒரு ஸ்டாப், அதாவது வெளிச்சம் இரண்டு மடங்காகும்படி, கூட்டி வையுங்கள். ஃபோகஸ் பிடிக்காமல் தடுமாறினால் புடவைக் கரைமேல் பிடியுங்கள், அந்தக் கோடு கேமராவுக்கு எப்போதும் தெரியும். மர நிழலில் படம் நீலம் பாய்ந்து வரும், ஒயிட் பேலன்ஸை நிழலுக்கு மாற்றுங்கள். வெளிக் குளிரிலிருந்து ஹீட்டர் போட்ட அறைக்குள் வந்ததும் கேமராவைப் பையிலிருந்து எடுக்காதீர்கள், லென்ஸில் ஆவி படிந்துவிடும். அரைமணி நேரம் பைக்குள்ளேயே இருக்கட்டும்.

எட்டரைக்கு நிறுத்திவிடுங்கள். வெயில் ஏறினால் கண்ணுக்குக் கீழே நிழல் விழும், பசியும் வந்துவிடும். நாங்கள் மாலையைக் கழற்றிக் காரில் வைத்துவிட்டு, பட்டுப்புடவையோடேயே போய் இட்லியும் வடையும் சாப்பிட்டோம். கடைக்காரர் "புதுசா கல்யாணம் ஆனவங்களா?" என்று கேட்கவில்லை. என் மகள் கூட நின்றாளே.

கீழே இறங்கிய பிறகு

முதல் வேலை புடவை. மஞ்சில் நின்ற பட்டு கைக்குத் தெரியாத அளவுக்கு ஈரமாக இருக்கும். அப்படியே மடித்து பீரோவில் வைத்தால் ஜரிகை கறுக்கும், பூஞ்சையும் வரும். வெயில் படாத அறையில் கொடியில் ஒரு நாள் முழுக்கக் காயப்போட்டு, பழைய மடிப்பில் மடிக்காமல் புது மடிப்பாக மடித்து, பருத்தித் துணியில் சுற்றி வையுங்கள்.

படங்களை வாட்ஸ்அப்பில் வாங்காதீர்கள், சுருக்கித்தான் வரும். பென் டிரைவிலோ டிரைவ் லிங்க்கிலோ வாங்குங்கள். 12-க்கு 18 அங்குல பிரிண்ட் நன்றாக வர, அங்குலத்துக்கு 300 புள்ளி வீதம் 3600-க்கு 5400 பிக்சல் வேண்டும். இன்றைய சாதாரண 24 மெகாபிக்சல் கேமராவே அதைத் தரும். திருத்தும்போது மறுபடி ஒரு தடவை சொல்லுங்கள், முகத்தை வழிக்க வேண்டாம் என்று. ஆல்பம் போடச் சொல்லிக் கேட்பார்கள். நாங்கள் போடவில்லை. இருக்கிற ஆல்பமே மூன்று வருஷத்துக்கு ஒரு தடவைதான் பீரோவைவிட்டு வெளியே வருகிறது. அந்தக் காசுக்கு மேட் பேப்பரில் ஒரே பிரிண்ட், நல்ல சட்டம். கண்ணாடிக்கும் படத்துக்கும் நடுவே அட்டை வைத்து இடைவெளி விடச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் மழைக்காலத்தில் படம் கண்ணாடியோடு ஒட்டிக்கொள்ளும். நேர் வெயில் விழாத சுவரில் மாட்டுங்கள்.

எங்கள் வீட்டில் அப்படியொரு சுவர் ஹாலில் ஒன்றுதான். அதில் ஏற்கெனவே மாமனாரின் அப்பா அம்மா படம் இரண்டு சின்ன பல்போடு இருக்கிறது. பக்கத்தில் ஆணி அடிக்கப் போனவரை மாமியார் நிறுத்தி, "உசுரோட இருக்கறவங்கள அந்த வரிசையில மாட்டுவீங்களாடா?" என்று சத்தம் போட்டு, எதிர்ச் சுவரைக் காட்டினார். அங்கே சாயங்கால வெயில் கொஞ்சம் விழும், பரவாயில்லை, ஜன்னலுக்குத் திரை போட்டோம். மாட்டிய அன்றைக்குச் சின்னவன் பிரிட்ஜில் மிச்சமிருந்த சம்பங்கி மாலையைக் கொண்டுவந்து சட்டத்தின்மேல் போட்டுவிட்டான். அதற்கு விழுந்த அடியைப் பார்த்தால் நீங்கள் இதை மறக்கவே மாட்டீர்கள்: எடுத்து முடித்ததும் மாலையைப் பிள்ளைகள் கண்ணில் படாமல் ஏதாவது செடிக்கு அடியில் போட்டுவிடுங்கள்.